பந்தயத்தில் நீதான் ஜெயித்தாய்

அன்புள்ள சேது,

நாலு மாதமாக ஒரு வரி எழுதவில்லை. திட்டு, வாங்கிக்கொள்கிறேன். கண் ஆபரேஷன் நல்லபடியாக முடிந்தது, வீட்டில் எல்லாரும் சௌக்கியம். விஷயம் வேறு, நம் பந்தயம். 'ரயில் இன்ஜின் வந்த அன்றே குதிரைக்குச் சீட்டுக் கிழிந்தது' என்று மேஜையைத் தட்டிக் கத்தினேனே, அது சுத்த அபத்தம். ரங்காவிடம் மட்டும் சொல்லித் தொலைக்காதே.

1825 செப்டம்பர் 27இல் இங்கிலாந்தின் ஸ்டாக்டன்–டார்லிங்டன் பாதையில் ஸ்டீவன்சனின் 'லோகோமோஷன்' என்ற நீராவி இன்ஜின் ஓடியது, சரி. அதற்குப் பிறகு 1833 வரை அங்கே பயணிகளை இழுத்தது பெரும்பாலும் குதிரைதானடா! பாதையே அதற்காகப் போட்டதுதான். குறுக்குக் கட்டை வைத்தால் கால் இடறும் என்று, தண்டவாளத்துக்கு அடியில் தனித்தனியாகக் கல் பதித்து, நடுவில் குதிரை நடக்க வழி விட்டிருக்கிறார்கள். 1829இல் ரெயின்ஹில் என்ற ஊரில் நடந்த ரயில் இன்ஜின் போட்டிக்கு, ஸ்டீவன்சனின் 'ராக்கெட்' இன்ஜினோடு 'சைக்ளோபெட்' என்று ஒன்று வந்ததாம். உள்ளே பார்த்தால் நீராவி இல்லை, ஓடும் பட்டையின்மேல் ஒரு குதிரை நடக்கிறது! பலகை உடைந்து குதிரை உள்ளே விழுந்ததோடு அதன் கதை முடிந்தது. சிரித்ததில் கண்ணில் போட்ட மருந்தெல்லாம் வழிந்துவிட்டது.

ஆனால் என்னைத் தூங்கவிடாதது 'டாண்டி' வண்டி. நிலக்கரி வண்டிகளைக் குதிரை இழுத்துக்கொண்டு போகும். இறக்கம் வந்ததும் வண்டிகள் தாமாகவே உருளும். உடனே குதிரையை அவிழ்த்துவிடுவார்கள். அது கடைசியில் கோத்திருக்கும் தாழ்வான வண்டியில் ஏறி நின்றுகொண்டு, வைக்கோலை மென்றபடி, காற்று வாங்கிக்கொண்டே இறங்கும். பழகிய குதிரைகள் யாரும் ஏற்றிவிடாமல் தாமே தாவி ஏறுமாம். கருணை என்று நினைத்துவிடாதே. இறக்கத்தில் ஓய்வு கொடுத்தால் இன்னும் அதிக தூரம் இழுக்கவைக்கலாம் என்ற கணக்குதான்.

இதைப் படித்தபோது சட்டென்று மனசு ஒரு மாதிரி ஆகிவிட்டது. ஆபரேஷனுக்குப் பிறகு காரை மகன்தான் ஓட்டுகிறான். பின் சீட்டில் நான், கையில் பிஸ்கட் பொட்டலம். சிரிக்கிறாயா? சிரி. வண்டி நின்றதும் மூட்டையைத் தூக்க முதலில் இறங்குகிறவனும் நான்தான்.

இன்னொன்று: பிரிட்டிஷ் ரயில்வேயில் பெட்டிகளை யார்டில் இழுத்து நகர்த்திய கடைசிக் குதிரை, இங்கிலாந்தின் நியூமார்க்கெட் ஊரில் 1967 வரை வேலை பார்த்திருக்கிறது. அப்பீலுக்கே இடமில்லை.

பந்தயப் பணம் தபாலில் வராது. நேரில் வந்து வாங்கிக்கொள்.

உன்,
பாலு