அழாத அரசிக்கும் ஒரு நதி உண்டு

அன்புள்ள மகளுக்கு,

நீ அனுப்பிய நான்கு அத்தியாயங்களையும் இரண்டு முறை படித்துவிட்டேன். துயரத்தால் உருவான ஒரு மறுவுலகத்தைப் பற்றி நாவல் எழுதுகிறேன் என்று நீ சொன்னபோது, அது எனக்கு எட்டாத ஏதோ ஒரு கற்பனையாக இருக்கும் என்றுதான் எண்ணியிருந்தேன். மூன்றாம் அத்தியாயத்தில் அந்த அழாத அரசி வந்து நின்றதும், தாள்களை மேசைமேல் கவிழ்த்து வைத்துவிட்டுச் சிறிது நேரம் எழுந்து நடந்தேன். அவளைப் பற்றிப் பிறகு எழுதுகிறேன். முதலில் அவள் ஆளும் நிலத்தைப் பற்றிச் சொல்ல வேண்டும்.

உன் உலகம் மிகவும் இருண்டிருக்கிறது. வானமும் கறுப்பு, மண்ணும் கறுப்பு, ஓயாத மழை, கரிய நதி. துயரம் என்றதும் யாருடைய கையும் முதலில் மைப்புட்டியைத்தான் தேடும். ஆனால் இத்தகைய உலகங்களைக் கற்பனை செய்த முன்னோர், துயரம் மனிதரை என்ன செய்கிறதோ அதையே அந்த நிலத்தின் விதியாக வைத்தார்கள். சுமார் 4,000 ஆண்டுகளுக்கு முற்பட்ட சுமேரியர் கதையில், இனன்னா என்னும் தேவி கீழுலகுக்குச் செல்லும் வழியில் 7 வாயில்களைக் கடக்கிறாள். ஒவ்வொரு வாயிலிலும் அவள் அணிந்திருப்பவற்றுள் ஒன்றை வாங்கிக்கொள்கிறார்கள்; முதலில் மகுடம், கடைசியில் ஆடை. இழப்பு ஒரே நாளில் நடந்து முடிவதில்லை என்று அறிந்தவர்தான் அந்த வாயில்களை அப்படி வரிசையாக நிறுத்தியிருக்க முடியும். கிரேக்கர்களின் பாதாளத்தில் ஓடும் 5 நதிகளில் ஒன்றுக்கு ஓலம் என்றே பெயர்.

நம் மொழியில் இதற்கு இன்னும் நெருக்கமான ஒன்று இருக்கிறது. நெய்தலுக்குக் கடலோரத்தை நிலமாகவும், சூரியன் சாயும் எற்பாட்டைப் பொழுதாகவும், இரங்கலை உரிப்பொருளாகவும் வைத்தவர்கள் நாம். பாலையைப் பற்றிச் சிலப்பதிகாரம் சொல்வதை நீ கட்டாயம் படிக்க வேண்டும். முல்லையும் குறிஞ்சியும் தம் நல்லியல்பை இழந்து, நடுங்குதுயர் உறுத்தும்போது, அவையே பாலை என்ற வடிவத்தைக் கொள்கின்றன என்கிறார் இளங்கோ. பாலைக்கென்று எங்கோ தனியாக ஒரு மண் இருப்பதாக அவர் சொல்லவில்லை. நேற்றுவரை பசுமையாக இருந்த அதே நிலம்தான் திரிந்து பாலையாகிறது.

உன் அப்பா இறந்தபோது நம் வீட்டில் எதுவும் கறுக்கவில்லை. எல்லாம் முன்பைவிடத் தெளிவாகத் தெரிந்தது. அதைத்தான் என்னால் தாங்கிக்கொள்ள முடியவில்லை. அவருடைய மூக்குக் கண்ணாடியின் இடப்பக்க வில்லையில், கீழ் ஓரமாக, அவர் பெருவிரல் ரேகை படிந்திருந்தது. நேராகப் பார்த்தால் வெறும் அழுக்கு போலத்தான் இருக்கும். வெளிச்சத்தில் சற்றுச் சாய்த்துப் பிடித்தால், நடுவில் நெருங்கியும் ஓரத்தில் இழுபட்டும் ஒவ்வொரு சுழியும் தனித்தனியே தெரியும். கழற்றும்போது எப்போதும் அந்த இடத்தில்தான் பிடிப்பார். பல மாதங்கள் அதைத் துடைக்காமல் வைத்திருந்தேன். ஒருநாள் காலையில் எடுத்துப் பார்த்தபோது, ஈரம் பட்டு அந்த ரேகை கலைந்திருந்தது. இனன்னாவின் கதையைப் பின்னாளில் படித்தபோது எனக்கு நினைவுக்கு வந்தது அந்தக் காலைதான்.

அப்போது உனக்கு ஒன்பது வயது. நோட்டின் நடுத்தாளைப் பிரித்தெடுத்து, அப்பா போயிருக்கும் ஊர் என்று நீ ஒரு வரைபடம் வரைந்தாய். அது இன்னும் என்னிடம் இருக்கிறது. நம் வீடே அதில் இருக்கிறது. அதே நான்கு ஜன்னல்கள், அதே சாய்வு நாற்காலி. சுவர்க்கடிகாரத்துக்கு மட்டும் முள் போடாமல் விட்டிருக்கிறாய். எங்கும் ஒரு துளி கறுப்பு இல்லை. ஒன்பது வயதில் உனக்குத் தெரிந்திருந்த அந்த ஊரை இந்த நாவலுக்குள் நீ மீண்டும் கொண்டுவர வேண்டும் என்பது என் ஆசை.

அந்த வரைபடத்தைக் காட்டிய இரவில், "நாம் அழுதால் அங்கே கேட்குமா அம்மா?" என்று கேட்டாய். கேட்காது, தூங்கு என்று சொல்லிவிட்டேன். நான் சரியாகப் பதில் சொல்லாமல் விட்ட கேள்வி அது. உறவினர் ஓயாமல் விடும் கண்ணீர் இறந்தவரைச் சுடும் என்பது பழைய நம்பிக்கை. காளிதாசரின் ரகுவம்சத்தில் மனைவியை இழந்து கலங்கும் அரசன் அஜனுக்குச் சொல்லப்படும் ஆறுதலிலும் அது வருகிறது. எனக்கும் அதையே சொன்னார்கள். அவரைச் சுட்டுவிடுவேனோ என்ற அச்சமும், நான் உடைந்தால் நீயும் உடைந்துவிடுவாய் என்ற அச்சமும் சேர்ந்து, உன் எதிரில் ஒருநாளும் அழாதவளாக என்னை ஆக்கிவிட்டன. இத்தாலியக் கவிஞர் தாந்தே தம் காவியத்தில் கண்ட நரகத்தின் அடியாழத்தில் இருப்பது நெருப்பு இல்லை, பனிக்கட்டி. அங்கே கிடப்பவர்களின் முதல் கண்ணீரே கண்குழியில் உறைந்து அடைத்துக்கொள்வதால், அடுத்த கண்ணீர் வெளியேற வழியின்றி உள்ளே திரும்பி வேதனையைப் பெருக்குகிறது. 1300களின் தொடக்கத்தில் எழுதப்பட்ட அந்த வரிகளைப் படித்தபோது, யாரோ என்னைப் பக்கத்தில் நின்று பார்த்து எழுதியது போல இருந்தது.

உன் அரசியின் முகம் கல்லாக இருப்பதாகவும், மகள் அழும்போதும் அவள் கதவைச் சாத்திக்கொண்டு போய்விடுவதாகவும் எழுதியிருக்கிறாய். நீ கண்டதைத்தான் எழுதியிருக்கிறாய். அதில் பொய் இல்லை, எனக்குக் கோபமும் இல்லை. என் துயரத்தை உன்னிடமிருந்து மறைத்ததால், உன் துயரத்தில் உன்னைத் தனியாக விட்டுவிட்டேன் என்பது இத்தனை ஆண்டுகள் கழித்து உன் எழுத்தின் வழியாகத்தான் எனக்குப் புரிந்தது. அதற்காக என்னை மன்னித்துவிடு.

ஆனால் சாத்திய கதவுக்குப் பின்னால் நடந்தது உனக்குத் தெரியாது. நீ தூங்கிவிட்டாய் என்று உறுதியானதும் குளியலறைக்குப் போய்த் தாழிட்டு, குழாயை முழுவதுமாகத் திறந்துவிடுவேன். வாளி நிரம்பி வழிந்து தரையில் ஓடும் சத்தத்தில் என் சத்தம் உனக்குக் கேட்காது. பல இரவுகள் அப்படித்தான் போயின. உன் உலகத்தில் ஓடும் நதி எங்கே ஊற்றெடுக்கிறது என்பது யாருக்கும் தெரியாது என்று இரண்டாம் அத்தியாயத்தை முடித்திருக்கிறாய். அரசிக்குத் தெரியும், கண்ணம்மா. ஐந்தாம் அத்தியாயத்தில் அவளைக் கேட்டுப் பார்.

வரைபடத்தை இத்துடன் வைத்திருக்கிறேன். மடிப்பில் கிழிந்திருக்கிறது, மெதுவாகப் பிரி.

அன்புடன்,
அம்மா