நீர் ஏட்டுக்காரங்க கதை எழுதுற நம்ம சங்கத்தோட ஆண்டறிக்கை

எல்லாருக்கும் வணக்கம். பொதுக்குழுவுல வாசிக்கப்போற அறிக்கைய முன்னாடியே படிச்சுட்டு வந்தா பேச நேரம் கெடைக்கும்னு தலைவர் ஐயா சொன்னாங்க, அதான் டைப் பண்ணி போடுறேன். வரவு செலவ பொருளாளர் அக்கா தனியா குடுத்துருவாங்க. சந்தா எல்லாம் வந்துருச்சு, வாடகை பாக்கி இல்ல.

புதுசா சேந்தவங்களுக்கு ஒரு வார்த்த. நாம எல்லாரும் சேந்து ஒரே உலகத்த வச்சு கதை எழுதுறோம். அந்த உலகத்துல ஓலை செல்லரிச்சுப் போகும், கல்லு தேஞ்சு போகும், அதனால தெரிஞ்சத எல்லாம் தண்ணியில சொல்லி வைக்கிற ஒரு கூட்டம் இருக்கு, அவங்கதான் நீர் ஏட்டுக்காரங்க.

இந்த வருசம் பெரிய விவாதம்னா ஒண்ணே ஒண்ணுதான். வைகை காஞ்சு கெடக்கையில இவங்க நூலகம் எங்க இருக்கும்? வருசம் பூரா தண்ணி ஓடுற ஊர்ல இந்த மாதிரி கதை எழுதுறது சுலபம், நம்ம மதுரையில ஆத்துக்குள்ள பாதி நாள் மணல்தான் கெடக்கு. சின்னப் பசங்க தெப்பக்குளத்த தலைமையகமா வைக்கணும்னு ஒத்தக்கால்ல நின்னாங்க, திருமலை நாயக்கர் 1645ல வெட்டுனது, நடுவுல மைய மண்டபம் வேற, எழுதவும் அழகா இருக்கும். எனக்கும் ஆசைதான், ஆனா ஒரே எடத்துல பூட்டி வச்சா அந்தக் குளம் வத்துன அன்னைக்கே எல்லாம் போச்சு.

முடிவ எடுக்க வச்சது மேலூர்ப் பக்கம் ஒரு கண்மாய்க்கு, அதாவது ஏரிக்கு, போனதுதான். அங்க நீர்பாய்ச்சி வேல பாத்த ஒரு தாத்தா எங்களோட கரை மேல நடந்தாரு. கண்மாய்த் தண்ணிய வயலுக்குத் தொறந்து விடுற பழைய குமிழி மடை ஒண்ணு, தண்ணிக்குள்ள ரெண்டு கல்தூண் நிக்கிது, நடுவுல குறுக்குக் கல்லு, கீழ தொட்டி மாதிரி இருக்குறதுல மேல ஒரு ஓட்டை, அடியில சின்ன ஓட்டைங்க. மேல இருக்கறதுல தண்ணி போகும், அடியில இருக்கறதுல சேறு போகும், அதனாலதான் மண்ணு மேவாம கண்மாய் இத்தன காலம் நின்னுச்சுன்னு தாத்தா சொன்னாரு. அந்தக் காலத்துல வெள்ளம் வந்தா ஆளு முங்கிப் போயி மடையத் தொறக்கணுமாம், உள்ள இழுத்துச்சுன்னா உசுரு மிஞ்சாதாம். கேட்டுக்கிட்டு இருந்த யாரும் கொஞ்ச நேரம் பேசல.

அப்பறம் மிச்சத் தண்ணி வழிஞ்சு போற கலுங்குகிட்ட நின்னு, இது நெறஞ்சா மறுகால் பாஞ்சு அடுத்த கண்மாய்க்குப் போகும், அது நெறஞ்சா அதுக்கு அடுத்ததுக்குன்னு கைய நீட்டிக் காட்டுனாரு. அதத்தான் நாம அப்படியே எடுத்துக்கிட்டோம். நம்ம ஏட்டுக்காரங்களுக்கு ஒரு நூலகம் கெடையாது, கண்மாய்க்கு ஒருத்தரு, தனக்கு நெறஞ்சத அடுத்த ஆளுக்கு விட்டாகணும், பிடிச்சு வச்சா கரை ஒடையும். வைகைத் தண்ணி கடைசியா ராமநாதபுரம் பெரிய கண்மாய்க்குத்தான் போய்ச் சேருது, அதனால இருக்குறதுலயே மூத்த ஏட்டுக்காரரு அங்கதான் இருப்பாரு. மடை தொறக்க முங்குறவங்களுக்குத்தான் கூட்டத்துல ஒசந்த பதவி, இதுல யாருக்கும் மாத்துக் கருத்து இல்ல.

கோடையில என்ன ஆகும்னா, சொன்னதெல்லாம் வண்டல்ல எறங்கிரும், சனங்க அள்ளிட்டுப் போயி வயல்ல போடுவாங்க, சோறு திங்கிற பிள்ளைக்கு யாரும் சொல்லிக் குடுக்காத பாட்டு ஒண்ணு வாயில வரும். இத யோசிச்சு சொன்னது நம்ம சோழவந்தான் தங்கச்சி. இந்த வருசத்துல வந்ததுலயே எனக்கு ரொம்பப் பிடிச்சது இதுதான்.

இந்தக் கூட்டம் எப்படி ஆரம்பிச்சுச்சுங்கிறதுக்கு வெளிய தேட வேண்டியதே இல்ல. பழைய சுவடிகள ஆடிப்பெருக்கன்னைக்கு ஆத்துல விடுற வழக்கம் நம்ம பக்கம் இருந்துருக்கு, அப்படி எத்தன நூல் போச்சோ, நெனச்சா வயிறு எரியுது. அன்னைக்கு கீழ தண்ணிக்குள்ள நின்னு அந்த எழுத்த வாங்கிக்கிட்டவங்கதான் மொத ஏட்டுக்காரங்கன்னு வச்சுருக்கோம். சம்பந்தர் விட்ட ஏடு வைகைய எதுத்துப் போயி திருவேடகத்துல கரை சேந்த கதையும், பொற்றாமரைக் குளத்துல சங்கப்பலகை குறளுக்கு மட்டும் எடம் குடுத்துட்டு புலவருங்கள தண்ணியில தள்ளுன கதையும் சின்ன வயசுலருந்து கேட்டதுதான, எழுத்த தண்ணி சோதிச்சுப் பாக்கும்னு நம்ம ஊரு எப்பவோ சொல்லிருச்சு. அந்த ரெண்டையும் அப்படியே எடுத்து எழுதக் கூடாது, அது சாமி காரியம், ஆனா புதுசா சேர்ற ஏட்டுக்காரருக்கு தண்ணிதான் பரீச்ச வைக்கும்னு தீர்மானம் ஆயிருக்கு.

ஒண்ணு மட்டும் முடியாம நிக்கிது. 1895ல முல்லைப் பெரியாறு அணை வந்ததும் மேக்க ஓடுன தண்ணி மலையக் கொடஞ்சு இங்கிட்டு வந்துச்சுல்ல, அந்தத் தண்ணி யாரோட நெனப்ப கொண்டு வரும், அத நம்ம ஆளுங்களால படிக்க முடியுமா? படிக்கக் கத்துக்கணும்னு பாதிப் பேரு, பழைய காலத்தோட கதைய நிறுத்திக்கலாம்னு பாதிப் பேரு. என்னையக் கேட்டா அந்தத் தண்ணியில வெளஞ்ச சோத்தத் தின்னுட்டு அத கதையில மட்டும் ஒதுக்குறது ஞாயம் இல்ல. ஓட்டெடுப்பு பொதுக்குழுவுல நடக்கும்.

வர்ற வருசம் நம்ம உலகத்துக்கு கண்மாய் வரைபடம் போடணும். அவங்கவங்க ஊர் கண்மாய்க்கு தண்ணி எங்கருந்து வருது, மறுகால் எங்க போகுது, எத்தன மடை, பேரு என்னன்னு பெரியவங்ககிட்ட கேட்டு எழுதிட்டு வாங்க. டவுனுக்குள்ள இருக்கறவங்க வீட்டுக்குப் பக்கத்துல முன்ன கண்மாய் இருந்துச்சான்னு விசாரிங்க, மேல கட்டடம் நின்னாலும் அதயும் வரைபடத்துல சேக்கணும்னுதான் செயற்குழு முடிவு. இந்த அறிக்கைய ஏத்துக்கிட்டு ஒப்புதல் குடுக்கணும்னு கேட்டுக்கறேன்.

செயலாளர்