ஃபர்தீனுக்கு ஒரு சாயங்காலம் ஒதுக்குங்கள்

நம்மூர்த் திரைப்படச் சங்கங்களை நடத்தும் நண்பர்களுக்கு,

வணக்கம். வருடக்கணக்காக உங்கள் பிளாஸ்டிக் நாற்காலிகளில் உட்கார்ந்து ஈரானியப் படம் பார்த்து வருகிறவன் எழுதுகிறேன். ஷூ தொலைத்த பையன், சிநேகிதனின் நோட்டைத் திருப்பிக் கொடுக்க ஓடுகிற பையன், தங்கமீன் வாங்கக் கிளம்பிய சிறுமி, எல்லோரும் எனக்கு அத்துப்படி. நல்ல படங்கள், மறுக்கவில்லை. ஆனால் ஒவ்வொரு தடவையும் முன்னுரை பேச வருகிறவர் "ஈரானில் நம்மைப் போல ஹீரோ, பாட்டு, சண்டை எதுவும் கிடையாது" என்று ஆரம்பிக்கும்போது எழுந்து நின்று கத்த வேண்டும் போலிருக்கிறது. கிடையாதா? ஃபர்தீன் என்ற ஈரானிய ஹீரோவின் பெயரையாவது கேள்விப்பட்டதுண்டா?

முகமது அலி ஃபர்தீன். 1931இல் தெஹ்ரானில் பிறந்தவர். முதலில் மல்யுத்த வீரர், சும்மா பேட்டை பயில்வான் இல்லை, 1954இல் டோக்கியோவில் நடந்த உலகப் போட்டியில் 79 கிலோ பிரிவில் வெள்ளி வாங்கியவர். 1959இல் சியாமக் யாசமி என்ற இயக்குநர் அவரை நடிக்கக் கூட்டிவந்தார், அதே யாசமி 1965இல் எடுத்த 'கஞ்ச்-எ காரூன்' (காரூனின் புதையல்) அவரைத் தெருவெல்லாம் கொண்டுபோய்ச் சேர்த்தது.

கதையைச் சொன்னால் சிரிப்பீர்கள். காரூன் என்ற பெரும் பணக்காரர் வாழ்க்கை வெறுத்து இஸ்ஃபஹானில் ஆற்றில் குதிக்கிறார். கையில் காசில்லாத, கவலையும் இல்லாத அலி அவரைக் காப்பாற்றித் தன் வீட்டுக்குக் கூட்டிப்போகிறான். அந்த அலி, அவர் எப்போதோ கைவிட்ட சொந்த மகன். அந்த வீட்டில் எல்லோரும் ஆப்கூஷ்த் சாப்பிடுகிறார்கள். ஆட்டுக்கறி, கொண்டைக்கடலை, உருளைக்கிழங்கு எல்லாம் ஒரே பானையில் வெந்த ஏழை வீட்டுச் சாப்பாடு. முதலில் சாற்றை மட்டும் வடித்து ரொட்டியைப் பிய்த்துப் போட்டு ஊறவைத்துச் சாப்பிட வேண்டும், அப்புறம் அடியில் நிற்கிற கறியையும் கடலையையும் மத்தால் மசித்து, பச்சை வெங்காயத்தைக் கடித்துக்கொண்டு இன்னொரு சுற்று. மாளிகைக்காரர் தரையில் உட்கார்ந்து அதைச் சாப்பிடுகிற காட்சி அவ்வளவு பேசப்பட்டது, அந்த மாதிரிப் படங்களுக்கே 'ஆப்கூஷ்தி' என்று பெயர் விழுந்துவிட்டது. விமர்சகர்கள் அதைத் திட்டாகத்தான் சொன்னார்கள். அதற்கு முன்பே ஹூஷங் காவுசி என்ற விமர்சகர் இப்படிப்பட்ட ஈரானிய மசாலாப் படங்களுக்கு 'ஃபிலிம்ஃபார்சி' என்று ஒரு வசவைக் கண்டுபிடித்திருந்தார். உங்கள் முன்னுரைகளில் அந்த வசவுகூட இதுவரை வந்ததில்லை, அதுதான் எனக்கு ஆச்சரியம்.

பாட்டும் உண்டு. ஃபர்தீன் வாயசைப்பார், குரல் பெரும்பாலும் இரஜ் என்ற பாடகருடையது. 1968இல் 'சுல்தான்-எ கல்ப்ஹா' படத்தை அவரே இயக்கி நடித்தார், அதன் பாட்டை இன்றைக்கும் ஈரானியக் கல்யாண வீடுகளில் கேட்கலாம். நடிக்கத் தெரியாது என்பவர்கள் மசூத் கிமியாயி 1976இல் எடுத்த 'கஸல்' பார்க்கட்டும், அதில் பாட்டுமில்லை, சிரிப்புமில்லை.

சரி, நமக்கும் இவருக்கும் என்ன சம்பந்தம் என்று கேட்பீர்கள். 1972இல் வந்த 'சுபஹ் ஓ ஷாம்' இந்தியாவும் ஈரானும் சேர்ந்து எடுத்த படம். வஹீதா ரஹ்மான், சஞ்சீவ் குமார், கூடவே ஃபர்தீன். இயக்கியவர் தாபி சாணக்யா, நம்ம 'எங்க வீட்டுப் பிள்ளை'யை இயக்கிய அதே ஆள்தான்! இதைத் தெரிந்துகொண்ட அன்று ராத்திரி எனக்குத் தூக்கம் வரவில்லை.

1979இல் ஈரானில் மன்னராட்சியைக் கவிழ்த்த இஸ்லாமியப் புரட்சிக்கு அப்புறம் நடந்தது வேறு. 1982இல் 'பர்ஸக்கிஹா' வந்தது, எல்லையில் ஈராக்கியப் படையோடு மோதுகிறவர்களின் கதை, புதிய அரசுக்குப் பிடித்திருக்க வேண்டிய கதைதான். கூட்டம் அலைமோதியது. அதுவே வினையாகி, மன்னராட்சிக் காலத்து நட்சத்திரங்களை மக்கள் இப்படிக் கொண்டாடுவதா என்று எதிர்ப்பு கிளம்ப, படத்தைத் தியேட்டரிலிருந்து எடுத்துவிட்டார்கள். ஃபர்தீனுக்கு அதுதான் கடைசிப் படம். அப்போது வயது ஐம்பத்தொன்று. கூட நடித்த பலர் அமெரிக்கா போய்விட, இவர் தெஹ்ரானிலேயே இருந்து கடை வைத்துப் பிழைத்தார். நடிக்க அனுமதி இல்லாததால் பதினெட்டு வருடம் கேமராவுக்கு முன்னால் நிற்கவில்லை. 2000 ஏப்ரலில் மாரடைப்பில் போய்ச் சேர்ந்தபோது, திரையில் அவரைப் பார்க்கவே வாய்ப்பில்லாமல் போன அந்த ஊரில் ஆயிரக்கணக்கானவர்கள் இறுதி ஊர்வலத்தில் நடந்தார்கள்.

அந்த நாட்டு அரசு அவரை மறைத்ததற்கு ஒரு காரணம் வைத்திருந்தது. நீங்கள் எதற்காக மறைக்கிறீர்கள்? 'கலைப்படம் இல்லை' என்பீர்கள். ஈரானியர்கள் விசிலடித்துப் பார்த்த ஒரு படத்தைக்கூடக் காட்டாமல் 'ஈரானிய சினிமா' என்று பேனர் கட்டுவது எனக்குச் சரியாகப் படவில்லை.

அடுத்த ஈரானிய வாரத்தில் ஒரு சாயங்காலம் 'கஞ்ச்-எ காரூன்' போடுங்கள். தமிழ் சப்டைட்டில் எழுத ஆள் வேண்டுமென்றால் நான் உட்காருகிறேன். இடைவேளைக்கு அந்த பிஸ்கட் மட்டும் வேண்டாம், ஒரு பானை ஆப்கூஷ்த் என் பொறுப்பு.

இப்படிக்கு,
மூன்றாம் வரிசை ஓர நாற்காலிக்காரன்