செல்விக்கு அப்பா எழுதுவது: சான்றிதழை மாற்றாதே

அன்பு மகள் செல்விக்கு,

கடையன் என்று இருக்கும் உன் சாதிச் சான்றிதழின் உண்மைத்தன்மையைக் கேட்டு ஆபீஸிலிருந்து ராமநாதபுரம் கலெக்டருக்கு எழுதிவிட்டார்கள் என்று நீ சொன்னபோது உன் குரலே சரியில்லை. போனில் எனக்குக் கோர்வையாகப் பேச வராது, அதனால்தான் இந்தக் கடிதம்.

உன்கூட வேலை பார்க்கிறவர் "இப்போ எல்லாமே தேவேந்திரகுல வேளாளர்தான், பழைய சான்று செல்லாது, புதுசு வாங்கிக் கொடு" என்றாராமே, அதை மட்டும் செய்யாதே தாயி. நல்ல மனதோடுதான் சொல்லியிருப்பார், ஆனால் நம் கரையின் விஷயம் அவருக்குத் தெரிய நியாயமில்லை. 2021-ல் சட்டத்தைத் திருத்தி ஏழு பிரிவுகளை அந்தப் பெயருக்குள் கொண்டுவந்தபோது கடையன் என்பதையும் சேர்த்தார்கள், ஆனால் திருநெல்வேலி, தூத்துக்குடி, ராமநாதபுரம், புதுக்கோட்டை, தஞ்சாவூர் மாவட்டக் கடலோரம் நீங்கலாக என்று அதிலேயே இருக்கிறது. இந்தக் கரைக் கடையர் பட்டியல் சாதிகளில் தனியாகத்தான் இருக்கிறோம். உன் சான்றில் இருப்பதுதான் சரியான பெயர். நீ அவசரப்பட்டு வேறு பெயரில் ஒன்று வாங்கிவிட்டால், ஒரே ஆளுக்கு இரண்டு சான்று ஆகிவிடும், அப்புறம் விசாரிக்க வருகிறவருக்குச் சந்தேகம் வராமல் என்ன செய்யும்?

விசாரணைக்குப் பயப்படாதே. வி.ஏ.ஓ., ஆர்.ஐ., தாசில்தார் என்று ஒவ்வொருவராகக் கேட்பார்கள். உன் தாத்தா சிப்பி அள்ளிச் சுண்ணாம்பு சுட்டவர், அவருக்கு முந்தின ஆட்கள் முத்துக்குளிக்கப் போனவர்கள், பாம்பனிலும் தங்கச்சிமடத்திலும் யாரைக் கேட்டாலும் சொல்வார்கள். என் பள்ளிக்கூட டி.சி., உன் அத்தையின் பழைய சாதிச் சான்று எல்லாம் பத்திரமாக இருக்கிறது. உன் சித்தப்பா குடும்பம் வேதத்தில், அதாவது கிறிஸ்தவத்தில் சேர்ந்து பிற்படுத்தப்பட்டோர் சான்று வாங்கியிருப்பதை யாராவது கேட்டால் மறைக்காமல் சொல். 1950-ஆம் ஆண்டு உத்தரவுப்படி இந்து, சீக்கிய, பௌத்த மதத்தில் இருப்பவர்களுக்குத்தான் பட்டியல் சாதிச் சான்று, அதனால் அவர்கள் சான்று வேறு, உன் சான்று வேறு. ஒரே குடும்பத்தில் இப்படி இருப்பது இந்தத் தீவில் புதிதில்லை.

ஒருவேளை விசாரணை அறிக்கை உனக்கு எதிராக வந்தாலும் அன்றே வேலை போய்விடாது. 1994-ல் மாதுரி பாட்டீல் வழக்கில் உச்ச நீதிமன்றம் வகுத்த முறைப்படி, அந்த அறிக்கையின் நகலோடு நோட்டீஸ் கொடுத்து, உன் பதிலையும் கேட்டுத்தான் முடிவு செய்ய வேண்டும். நகல் கொடுக்காமல் வாயால் கேட்டால், எழுத்தில் கொடுங்கள் என்று மரியாதையாகச் சொல்.

பொய்ச் சான்று கொடுத்து வேலைக்கு வந்தவர்களுக்கு எத்தனை வருஷம் வேலை பார்த்திருந்தாலும் பாதுகாப்பு கிடையாது என்று 2017-ல் தீர்ப்பு வந்தது. அது நியாயம் என்றுதான் நான் நினைக்கிறேன், அப்படி வந்தவர்கள் உட்கார்ந்த நாற்காலி நம் பிள்ளைகளுக்கு உரியது. ஆனால் உண்மையான சான்று வைத்திருப்பவரைத் திரும்பத் திரும்பக் கூப்பிட்டு நிறுத்துவது கொடுமை. 2021 செப்டம்பரில் தமிழ்நாட்டிலிருந்து போன ஒரு வழக்கில் உச்ச நீதிமன்றமே இதைச் சொல்லிவிட்டது. ஒருமுறை முறையாகச் சரிபார்த்து முடித்ததை, மோசடி இருந்தாலோ, சரியான விசாரணை இல்லாமல் கொடுத்த சான்றாக இருந்தாலோ ஒழிய மறுபடி திறக்கக் கூடாது.

அதனால்தான் சொல்கிறேன், இந்தத் தடவை முடிவு வந்ததும் அந்த உத்தரவின் நகலை வாங்கு, உன் சர்வீஸ் ரிஜிஸ்டரில் பதிவு செய்துவிட்டார்களா என்று நீயே போய்ப் பார். நம் தெருவில் ஓய்வு பெற்ற ஒருவருக்குச் சரிபார்ப்பு முடியவில்லை என்று பென்ஷனையே நிறுத்தி வைத்துவிட்டார்கள், அவர் வேலையில் இருந்த காலமெல்லாம் அந்தக் கடிதம் எங்கோ கிடந்திருக்கிறது. வந்துவிடும், வந்துவிடும் என்று அவரும் கேட்காமலே இருந்துவிட்டார். நீ அப்படி இருக்காதே, மாதம் ஒருமுறை கேள்.

ஆபீஸ் கடிதத்தின் நம்பர், தேதி இரண்டையும் வாட்ஸ்அப்பில் அனுப்பு, நான் கலெக்டர் ஆபீஸ் போய் எந்த செக்‌ஷனில் இருக்கிறது என்று பார்க்கிறேன். அசல் சான்றிதழைத் தபாலில் அனுப்பிவிடாதே, மாப்பிள்ளை ஊருக்கு வரும்போது கையில் கொடுத்துவிடு. அம்மா கேட்டாள், சாப்பாட்டை விடாதே.

உன் அப்பா