பெட்டியை அனுப்பிவிட்டேன், அண்ணா

அன்புள்ள அண்ணாவுக்கு,

நம் ஃபிலிம் சுருள்களை ஸ்கேன் செய்யக் கொடுத்துவிட்டேன். வேண்டாம் என்றீர்கள், மறக்கவில்லை. விளக்கு வெளிச்சத்தில் ஓடாதது படமே இல்லை, ஓடி ஓடித் தேய்ந்து சாகட்டும் என்பீர்கள். மேடையில் கேட்க நன்றாகத்தான் இருந்தது. டப்பாவைத் திறந்தால் வினிகர் நெடி. ஃபிலிமின் அடித்தளமான அசிடேட் பிளாஸ்டிக் கெட்டால் அமிலம் கசியும், அந்த அமிலமே அதை இன்னும் வேகமாகக் கெடுக்கும், பக்கத்து டப்பாவையும் விடாது. ஃபிலிம் சுருங்கி, ஓரத்துளைகள் புரொஜெக்டர் பற்களில் உட்காரவே மாட்டேன் என்கின்றன. ஓடித் தேயக்கூட வழியில்லாததை என்ன செய்யச் சொல்கிறீர்கள்?

மன்னிப்புக் கேட்கத்தான் உட்கார்ந்தேன். அதற்குள் வாதம் வந்துவிட்டது.

1963-இல் அமெரிக்கப் பரிசோதனைப் படக்காரர் ஸ்டான் பிராக்கேஜ் கேமராவே இல்லாமல், அந்துப்பூச்சி இறக்கைகளை ஒட்டுநாடாவில் பதித்துச் செய்தாரே 'மாத்லைட்' என்ற படம், அதைக் காட்டித்தானே என்னை இந்த வேலைக்குள் இழுத்தீர்கள்? நாம் பார்த்தது அந்த நாடாவையா? அதிலிருந்து எடுத்த பிரதியைத்தானே!

அந்த ராத்திரி. பழைய கலர் பிரின்ட் ஒன்றின் இருண்ட பகுதியை மேசையில் விரித்து, ஊசியை என் கையில் கொடுத்தீர்கள். 16 மி.மீ., அடிக்கு 40 ஃபிரேம். லேசாகக் கீறினால் பச்சை. கொஞ்சம் அழுத்தினால் மஞ்சள். அதற்கும் மேலே போனால் சாயமெல்லாம் உரிந்து வெறும் வெள்ளை. நான் எல்லாவற்றையும் வெள்ளையாக்கிக்கொண்டிருந்தேன். நீங்கள் திட்டவில்லை. என் மணிக்கட்டுக்கு அடியில் ஒரு விரலை வைத்து, "அழுத்தாதே, கையின் கனமே போதும்" என்றீர்கள். மஞ்சள் வந்தது. விடிய விடியக் கீறியும் திரையில் சில நொடிதான் தேறியது. அவ்வளவு பொறுமையாக யாரும் எனக்கு எதையும் கற்றுக்கொடுத்ததில்லை.

பிறகு அந்த மஞ்சள் கோட்டின் நடுக்கத்தைத்தான் எல்லாரும் கொண்டாடினார்கள். உங்கள் கைவண்ணம் என்றார்கள். தலையாட்டிக்கொண்டு நின்றீர்கள். யார் கை என்று இங்கே எழுதப்போவதில்லை. இருவரையும் தெரிந்தவர்கள் படிப்பார்கள், உங்கள் மாணவர்களும்தான். உங்களுக்குத் தெரியும், அது போதும் என்று இத்தனை காலம் இருந்தேன். போதவில்லை அண்ணா.

தூசி நீக்கும் மென்பொருளை அணைத்துவைக்கச் சொல்லி எழுதிக் கொடுத்திருக்கிறேன். இல்லாவிட்டால் நம் கீறல்களைப் பழுது என்று நினைத்து, ஃபிரேம் ஃபிரேமாக அடைத்து, இருட்டை மட்டும் திருப்பிக் கொடுக்கும். இதைக் கவனிக்க உங்களுக்கு வேறு ஆள் இருந்தார்களா என்ன?

படிவத்தில் 'உருவாக்கியவர்' என்ற இடத்தில் இரண்டு பெயர் எழுதினேன். உங்களுடையது முதலில்.

இன்னொன்று. ஒலியில்லாத சுருள் என்பதால் வேகம் நொடிக்கு 18 ஃபிரேமா 24-ஆ என்று கேட்கிறார்கள். நீங்கள் இரண்டிலும் ஓட்டியிருக்கிறீர்கள். பதில் போடுங்கள். போடாவிட்டால் 24 என்று சொல்லிவிடுவேன். எனக்கு அந்தக் கோடு அதில்தான் பிடிக்கும்.