கெப்போங் களிமண்

கோலாலம்பூர்

அன்புள்ள அப்பாவுக்கு,

வணக்கம். இங்கு அனைவரும் நலம். நீங்களும் அம்மாவும் நலமாக இருக்க வேண்டுகிறேன். வீட்டுக்குப் பின்னால் மண் எப்படி, என்ன விளைகிறது என்று கேட்டிருந்தீர்கள். தொலைபேசியில் சொல்லி முடிகிற செய்தி அல்ல என்பதால் விரிவாக எழுதுகிறேன்.

இங்குள்ளதும் களிமண்தான், ஆனால் நம் கோவில்பட்டிக் கரிசலின் குணம் இதற்கு இல்லை. கரிசல் மழையில் உப்பி, வெயிலில் சுருங்கிப் பாளம் பாளமாக வெடித்து, மேல்மண்ணைத் தானே உள்ளே இழுத்து, உழவில் ஒரு பங்கைத் தானே செய்துகொள்ளும். கெப்போங்கில் எங்கள் பகுதியின் செம்மஞ்சள் களிமண்ணோ, கருங்கல் பாறை நெடுங்காலம் மழையில் நைந்து உண்டானது. அது அவ்வளவாக உப்புவதும் இல்லை, வெடிப்பதும் இல்லை. ஆண்டுக்கு 2,400 மி.மீ.க்கு மேல் பெய்யும் மழை சுண்ணாம்புச் சத்தையும் மக்னீசியத்தையும் கரைத்துக்கொண்டு போய்விட, இரும்பும் அலுமினியமும் தங்கி மண் அமிலமாகிவிடுகிறது. கரிசலின் கார அமில நிலை 8-ஐத் தாண்டும், இங்கு 4.5, 5 என்பது சாதாரணம். நம் நிலத்தில் மண்வெட்டியில் தட்டுப்படும் சுக்கான் கல்லை, அதாவது சுண்ணாம்புக் கட்டியை, இங்கு காண முடியாது. போதாக்குறைக்கு, தாமான் என்னும் குடியிருப்புகளைக் கட்டும்போது மேல்மண்ணை இயந்திரத்தால் வழித்துவிட்டு அடிமண்ணை அழுத்திச் சமன்செய்துவிடுகிறார்கள்.

ஆனாலும் இந்த மண்ணை மோசமான மண் என்று ஒதுக்க எனக்கு மனம் இல்லை. அருகிலுள்ள வன ஆராய்ச்சி நிலையத்தின் காடு, வெள்ளீயம் தோண்டிச் சீரழிந்த நிலத்தில் 1920-களில் நடத் தொடங்கிய காடு. 2025-இல் யுனெஸ்கோ அதை உலகப் பாரம்பரியப் பட்டியலில் சேர்த்தது. அங்கே மரத்தடியில் சருகை விலக்கிப் பார்த்தால் கறுத்த, பொலபொலப்பான மண் இருக்கிறது. சருகு ஓயாமல் விழுந்துகொண்டே இருப்பதுதான் காரணம். இந்த வெப்பத்திலும் ஈரத்திலும் எந்த மக்கிய எருவும் விரைவில் கரைந்துபோகும் என்பதால், ஒருமுறை கொட்டிவிட்டு இருந்துவிட முடியாது.

இந்த மண்ணில் செடிகள் பெரும்பாலும் சாவது சத்துக் குறைவால் அல்ல, வேருக்குக் காற்று இல்லாததால். களித்துகள் 0.002 மி.மீ.க்கும் சிறியது, அவற்றின் இடுக்குகளில் நீர் நிறைந்துவிட்டால் எளிதில் வடியாது. பப்பாளியும் முருங்கையும் முதலில் அழுகும். ஆகையால் 30 செ.மீ. உயர மேட்டுப்பாத்திகள் அமைத்து, நடுவே வாய்க்கால் வெட்டி வெளி வடிகாலுக்குச் சரிவு கொடுத்திருக்கிறோம். நீர் தேங்கினால் டெங்கு பரப்பும் ஏடிஸ் கொசு முட்டையிடும் என்பதால் அந்தச் சரிவு எங்களுக்கு இரட்டிப்பாக முக்கியம். மண்ணைக் கையில் பிசையும்போது வழவழவென்று மின்னினால் மண்வெட்டியைத் தொடுவதே இல்லை, உதிர்ந்தால்தான் கொத்துகிறோம். ஈரத்தில் மிதித்த களிமண் திரும்ப இளக வெகுகாலம் பிடிக்கும்.

களிமண்ணில் ஆற்று மணல் கலக்கச் சொல்வார்கள் பலர். பாதிக்குப் பாதிக்கு மேல் மணல் சேர்த்தாலொழிய அது பயன் தராது. கொஞ்சம் மணலும் களியும் சேர்ந்தால் செங்கல்தான் கிடைக்கும். 1881-இல் தீயும் வெள்ளமும் கோலாலம்பூரை அழித்த பிறகு, பிரிக்ஃபீல்ட்ஸ் சூளைகளில் சுட்ட செங்கல்லால்தான் நகரைத் திரும்பக் கட்டினார்கள். நீங்கள் சொன்ன ஜிப்சமும் இங்கு உதவாது. அது சோடியம் மிகுந்த களர் நிலத்துக்கான மருந்து. இங்கு வேண்டியது டோலமைட் சுண்ணாம்புத் தூள். சதுர மீட்டருக்கு ஏறத்தாழ 200 கிராம் தூவிக் கிளறி, சில வாரம் ஆறவிட்ட பிறகே கோழி எருவை இடுகிறோம். இரண்டையும் ஒன்றாக இட்டால் தழைச்சத்து ஆவியாகிவிடும். சுண்ணாம்பு இல்லாவிட்டால், இடும் மணிச்சத்தை இரும்பும் அலுமினியமும் பிடித்துவைத்துக்கொள்கின்றன.

அதன் மேல் தென்னை நார்க்கழிவு, சந்தைக் காய்கறிக் கழிவு, வெட்டிய புல் எல்லாம் மூடாக்காகப் போகின்றன. திறந்த வெளியில் குப்பை எரிப்பது இங்கு சட்டப்படி குற்றம். அதனால் அண்டை வீட்டாரும் தங்கள் சருகை மகிழ்ச்சியோடு எங்களிடம் தந்துவிடுகிறார்கள். மூடாக்கு இல்லாத பாத்தியில் ஒரு பெருமழை மேற்பரப்பை அடித்து இறுக்கிவிடும். மூடிய பாத்தியில் மண்புழு வந்துவிட்டது. கங்கோங் என்னும் நீர்க்கீரையும் பாண்டான் என்னும் வாசனை இலைச் செடியும் சேம்பும் பள்ளத்தில், வெண்டையும் கத்தரியும் பயற்றங்காயும் மேட்டில், மஞ்சளும் கறிவேப்பிலையும் எல்லாவற்றிலும் உயர்ந்த மூலையில் வளர்கின்றன. அம்மாவிடம் சொல்லுங்கள், கறிவேப்பிலை இப்போது கடையில் வாங்குவதில்லை.

ஒரு சந்தேகம் மட்டும் இருக்கிறது. அடுத்து ஒரு பாத்தியில் பசுந்தாள் உரத்துக்காகத் தட்டைப்பயறு விதைக்கப் போகிறேன். பூ எடுக்கும் பருவத்தில் மடக்கி உழ வேண்டும் என்பீர்கள். இங்கு ஈரமண்ணைப் புரட்ட அஞ்சுவதால், அடியோடு அறுத்து அங்கேயே பரப்பி, வேரை மண்ணுக்குள் மக்கவிடலாம் என்று நினைக்கிறேன். கரிசலில் நீங்கள் அப்படிச் செய்து பார்த்ததுண்டா, தண்டு முற்றுவதற்கு எத்தனை நாள் முன்னால் அறுக்க வேண்டும் என்று எழுதுங்கள். விதை அனுப்ப வேண்டாம். அதற்கு இங்கே இறக்குமதி அனுமதி பெற வேண்டும், பயறு இங்கேயே கிடைக்கிறது.

தங்கள் அன்பு மகள்