தேக்கா சந்தை அப்படியே இருக்கட்டும்

ஆசிரியருக்கு,

சிங்கப்பூர் லிட்டில் இந்தியாவில் மீன், இறைச்சி, காய்கறி விற்கும் தேக்கா ஈரச்சந்தையை நவீனமாக்க வேண்டும் என்று என் வீட்டு இளையவர்கள் அடிக்கடி சொல்கிறார்கள். குளிர்சாதனம் போட்டு, எல்லாவற்றையும் பிளாஸ்டிக் தட்டில் அடைத்து விலை ஒட்டிவிட வேண்டுமாம். அதற்குத்தான் நாங்கள் குடியிருக்கும் அடுக்குமாடி புளோக்குக்குக் கீழேயே பேரங்காடி இருக்கிறதே!

1915ல் கட்டிய பழைய சந்தை சிராங்கூன் சாலையின் மறுபுறம் இருந்தது. 1982ல் இப்போதைய கட்டடத்துக்கு வந்தது. இடம் மாறியும் வியாபார முறை மாறவில்லை. ஆட்டிறைச்சிக் கடையில் “பிரியாணிக்கா, சூப்புக்கா?” என்று கேட்ட பிறகுதான் கத்தியை எடுக்கிறார்கள். நான் வாடிக்கையாக மீன் வாங்கும் சீனர் “அக்கா, வவ்வால் இன்னிக்கு வேண்டாம், வஞ்சிரம் எடுங்க” என்பார். தன் சரக்கையே வேண்டாம் என்று சொல்லும் ஆளைப் பேரங்காடியில் எங்கே தேடுவது? கீரைக்கடையில் மலாய்க்கார அம்மாவும் கடைக்காரரும் வாழைப்பூவை எப்படிச் சமைப்பது என்று மலாயில் வாதாடுவார்கள். நானும் நடுவில் புகுந்துவிடுவேன். கேட்காமலே கொசுறாகக் கறிவேப்பிலை கிடைக்கும் (இப்போது கொஞ்சம் குறைவுதான்).

குறையே இல்லை என்று சொல்லமாட்டேன். ஞாயிறு காலையில் தள்ளுவண்டியோடு நுழையவே முடியாது. தரை வழுக்குகிறது, என் வயதுக்காரர்களுக்குப் பயமாக இருக்கிறது. வழியில் அடுக்கியிருக்கும் பெட்டிகளை எடுக்கச் சொல்லுங்கள், தண்ணீரை அடிக்கடி தள்ளிவிடுங்கள். அது போதும். பேரம் பேசுவதற்கும் தொட்டுப் பார்த்து வாங்குவதற்கும் தடை வராமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

இப்படிக்கு,
ஈசூன் வாசகி